எலும்பு பலம், தோல் பலவீனம்: ஜியோடெசிக் குவிமாடமும் கிழக்கு மழையும்

1962 நவம்பர் 9ஆம் திகதி அமெரிக்காவின் டியர்போர்ன் நகரில் போர்ட் கார் நிறுவனத்தின் பெரிய வட்ட மண்டபம் எரிந்து சாம்பலானது. அந்த நேரம் கூரையில் வேலையாட்கள் நின்றிருந்தார்கள். தண்ணீர் புகாமலிருக்கச் சூடாக்கிய பூச்சொன்றைக் கூரைத் தகடுகளில் அடித்துக்கொண்டிருக்கும்போதுதான் தீப்பற்றியது. அதற்கு ஒன்பது வருடம் முன்னால் இதே கூரை உலகத்தையே வாய்பிளக்க வைத்தது. 28 மீற்றர் அகலமான அந்த வட்டத்தை வழக்கமான உருக்குச் சட்டங்களால் மூடினால் 160 தொன் பாரம் வரும், சுவர்கள் தாங்காது என்று பொறியியலாளர்கள் கையை விரித்திருந்தார்கள். அமெரிக்க வடிவமைப்பாளர் பக்மின்ஸ்டர் புல்லர் எட்டரைத் தொன்னில் மூடிக் கொடுத்தார்.

அவர் போட்டது ஜியோடெசிக் குவிமாடம், அதாவது கம்பிகளை முக்கோண முக்கோணமாகக் கோத்து எழுப்பும் உருண்டைக் கூடு. அதன் நல்லதும் கெட்டதும் இந்த ஒரே கட்டடத்தில் அடங்கிவிடுகின்றன. எலும்புக்கூடு அசாத்தியமானது. மேலே போர்த்துகிற தோல்தான் தொல்லை. கிழக்கிலங்கையில் பாசிக்குடாவிலிருந்து அறுகம்பை வரை கடற்கரையோரம் காணி வைத்திருக்கிற இளைஞர்கள் பலர் இப்போது யூடியூப்பில் இந்த உருண்டை வீடுகளைப் பார்த்துவிட்டு, இங்கேயும் ஒன்று போட்டால் என்ன என்று கேட்கிறார்கள். போடலாம். எதற்காகப் போடுகிறோம், எந்த மாதத்துக்காகப் போடுகிறோம் என்பதில்தான் விஷயம் இருக்கிறது.

புல்லர்தான் இதைக் கண்டுபிடித்தார் என்று எழுதுவது வழக்கம். அது பாதி உண்மை. அவருக்கு ஏறக்குறைய கால் நூற்றாண்டு முன்பே, ஜேர்மனியின் யேனா நகரில் ஸைஸ் நிறுவனத்தின் பொறியியலாளர் வால்தர் பவர்ஸ்ஃபெல்ட் ஒன்றைக் கட்டிவிட்டார். அவருக்குத் தேவைப்பட்டது வீடோ மண்டபமோ இல்லை. நட்சத்திரங்களைக் கூரையில் விழுத்திக் காட்டும் புதிய கருவியைச் சோதிக்க, உட்பக்கம் துல்லியமான அரைக்கோளமாக ஒரு திரை வேண்டியிருந்தது. தொழிற்சாலை மொட்டைமாடியில் மெல்லிய இரும்புக் கம்பிகளை முக்கோண முக்கோணமாகக் கோத்து 16 மீற்றர் அகலத்தில் ஒரு வலையை எழுப்பி, அதன்மேல் வெறும் மூன்று சென்ரிமீற்றர் தடிப்பில் கொங்கிரீட்டை விசிறி அடித்தார்கள். அது 1920களின் தொடக்கம். மெல்லிய ஓட்டுக் கொங்கிரீட் கூரைகளின் வரலாறும் அங்கிருந்துதான் புறப்படுகிறது. நம் பள்ளிக்கூடப் பிள்ளைகள் கொழும்புச் சுற்றுலாவில் போய் அண்ணாந்து பார்க்கும் கோள்மண்டலம் 1965இல் வந்தது. அதன் கட்டட அமைப்பு வேறு வகை, மடிப்பு மடிப்பான கொங்கிரீட். நட்சத்திரம் காட்டுகிற வித்தை மட்டும் யேனா மொட்டைமாடியின் வாரிசு.

புல்லரின் பங்கு வேறு. அந்த வலையின் கணக்கைப் பொதுவாக்கி, தொழிற்சாலையில் துண்டு துண்டாகச் செய்து எங்கும் கொண்டுபோய்ப் பூட்டலாம் என்று காட்டி, அதற்காக ஊர் ஊராகப் பேசித் திரிந்தவர் அவர். தொடக்கம் பெருமைப்படும்படி இருக்கவில்லை. 1948 கோடையில் வட கரோலினாவின் பிளாக் மவுண்டன் கல்லூரியில் மாணவர்களோடு சேர்ந்து, யன்னல் மறைப்புக்குப் பயன்படும் அலுமினியப் பட்டிகளால் ஒரு பெரிய குவிமாடத்தை எழுப்பப் பார்த்தார். பட்டிகள் தொய்ந்து தரையிலேயே கிடந்தன. அடுத்த வருடம் அலுமினியக் குழாயில் சிறிதாக ஒன்று செய்தபோது அது நின்றது. நின்றதோடு விடாமல் மாணவர்கள் அதில் குரங்குபோல் தொங்கிப் படமும் எடுத்துக்கொண்டார்கள். 1954 ஜூனில் காப்புரிமை கிடைத்தது.

இனி வடிவத்துக்கு வருவோம், ஏனென்றால் வித்தை முழுவதும் அங்கேதான் இருக்கிறது. நான்கு கம்பியை நான்கு போல்ட்டால் சதுரமாகப் பூட்டி ஒரு மூலையைத் தள்ளினால் அது சாய்சதுரமாக மடங்கிவிடும். மூன்று கம்பியைப் பூட்டினால் மடங்காது. கம்பி நீளவோ குறுகவோ நெளியவோ வேண்டும், அல்லது போல்ட் அறுந்து போகவேண்டும். வீட்டுக் கூரைக் கைமரங்களுக்கு மூலைக்குமூலை சட்டம் அடிக்கிற தச்சனுக்கு இது யாரும் சொல்லித் தெரியவேண்டியதில்லை. இந்த முக்கோணத்தைக் கொண்டு ஒரு கோளத்தை எப்படி மூடுவது என்பதுதான் கேள்வி.

கணிதப் பாடத்தில் பிறிஸ்டல் மட்டையில் வெட்டி ஒட்டும் இருபதுமுகியை நினைவுபடுத்திக்கொள்ளுங்கள். இருபது சமபக்க முக்கோணங்கள், முப்பது விளிம்புகள், பன்னிரண்டு உச்சிகள். ஒவ்வோர் உச்சியிலும் ஐந்து முக்கோணங்கள் கூடும். இந்த முக்கோணம் ஒவ்வொன்றையும் சிறிய முக்கோணங்களாகப் பிரித்து, புதிதாக வருகிற புள்ளிகளைக் கோளத்தின் மேற்பரப்புக்குத் தள்ளிவிட்டால் இருபதுமுகி உப்பிப் பந்துக்கு நெருங்கும். எவ்வளவு நுணுக்கமாகப் பிரிக்கிறோமோ அவ்வளவுக்கு உருண்டை திருத்தமாகும். வெட்டவேண்டிய கம்பி நீளங்களின் வகையும் கூடிக்கொண்டே போகும். புதிய புள்ளிகளில் ஆறு கம்பிகள் சந்திக்கும். பழைய பன்னிரண்டு உச்சிகளில் மட்டும் எத்தனை பிரிவு பிரித்தாலும் ஐந்துதான். எத்தனையோ மாடி உயரக் கோளமாக இருந்தாலும் தேடினால் அந்தப் பன்னிரண்டு ஐந்துமுனைப் புள்ளிகள் அகப்படும். பழைய கறுப்பு வெள்ளை உதைபந்தில் கறுப்பு ஐங்கோணங்கள் பன்னிரண்டு இருப்பதற்கும் இதே கணக்குத்தான் காரணம். 1962இல் காஸ்பர், குளுக் என்ற இரு விஞ்ஞானிகள் வைரஸ்களின் புரத ஓடு எப்படி அடுக்கப்பட்டிருக்கிறது என்று விளக்கியபோது புல்லரின் குவிமாடங்களிலிருந்துதான் பிடி எடுத்தார்கள். 1985இல் அறுபது கார்பன் அணுக்கள் கொண்ட பந்து மூலக்கூறு அகப்பட்டபோது கண்டுபிடித்தவர்கள் அதற்குப் புல்லரின் பெயரையே வைத்தார்கள். 1996இல் அதற்கு நோபல் பரிசும் வந்தது. புல்லர் அதைப் பார்க்க இருக்கவில்லை, 1983இல் காலமாகிவிட்டார்.

காத்தான்குடியில் பள்ளிவாசல்களின் குவிமாடங்களைப் பார்க்கிறோம். கல்லிலும் கொங்கிரீட்டிலும் எழும்பும் அந்த வகை தன் பாரத்தாலேயே இறுகி நிற்கிறது. அடியில் வெளிப்பக்கமாகத் தள்ளும் விசையைத் தாங்கத் தடித்த சுவரோ வளையமோ வேண்டும். ஜியோடெசிக் வகையில் பாரம் என்று சொல்ல எதுவும் கிடையாது. ஒரு முனையில் விழும் சுமை அங்கே கூடும் ஐந்தாறு கம்பிகள் வழியே பிரிந்து, அடுத்த முனைகளில் மேலும் பிரிந்து, தரைக்கு வரும்போது எல்லாரும் கொஞ்சம் கொஞ்சம் சுமந்திருப்பார்கள். கம்பிகளில் வளைவு விசை ஏறக்குறைய இல்லை. இழுபடும், அல்லது நெருக்குப்படும், அவ்வளவே. அதனால்தான் மெல்லிய குழாய் போதும்.

இதை ஒரு வெல்டிங் கடை முற்றத்தில் செய்து பார்ப்பது நல்லது. வெல்டிங் தேவைப்படாது என்பது வேறு விஷயம். விளிம்பை இரண்டாகப் பிரிக்கும் எளிய வகைக்கு, உலகமெங்கும் டூ வி என்று சொல்வார்கள், இரண்டு நீளங்கள் மட்டும் போதும். ஆரையை 0.618 ஆல் பெருக்கினால் நீளக் கம்பி, 0.5465 ஆல் பெருக்கினால் கட்டைக் கம்பி. அரைக்கோளத்துக்கு நீளம் 35, கட்டை 30. ஐந்து மீற்றர் அகலமான குவிமாடத்துக்கு, அதாவது இரண்டரை மீற்றர் ஆரைக்கு, ஓட்டைக்கு ஓட்டை ஒன்று 1.545 மீற்றர், மற்றது 1.366 மீற்றர். ஜிஐ குழாயை, அதாவது நாகம் பூசிய இரும்புக் குழாயை வெட்டி, இரண்டு முனையையும் இடுக்கியில் வைத்து நசுக்கி, ஓட்டை போட்டு, நசுக்கிய நாக்கைச் சற்று வளைக்கவேண்டும். நீளக் கம்பிக்கு 18 பாகை, கட்டைக்கு ஏறக்குறைய 16. கட்டைக் கம்பிக்கு ஒரு நிற மை, நீளத்துக்கு வேறு நிறம் அடித்து வைக்காவிட்டால் பூட்டும்போது பைத்தியம் பிடிக்கும். ஒரு முனைக்கு ஒரு போல்ட், அதில் ஐந்தாறு நாக்குகளை அடுக்கிக் கோக்கவேண்டும். மொத்தம் 26 முனைகள்.

முதலில் பத்து நீளக் கம்பிகளால் அடி வளையம். பிறகு முக்கோணங்கள் மேலேறும். பாதி ஏறியபோது கூட்டைத் தொட்டால் அங்கும் இங்கும் ஆடும். பார்த்துக்கொண்டிருக்கும் பெரியவர் யாராவது, “என்ன மனே, இது இந்த ஆட்டம் ஆடுது? இதுக்குக் கீழயா ஆக்கள் இருக்கிற?” என்று கேட்பது நிச்சயம். “பொறுங்க மாமா, உச்சி ஏறட்டும்” என்பதைத் தவிரப் பதில் கிடையாது. போல்ட்டுகளைத் தொய்வாகவே விட்டு, உச்சியில் கடைசி ஐந்து கம்பிகளைக் கோத்தபின் கீழிருந்து இறுக்கிக்கொண்டு வந்தால், அதுவரை தள்ளாடிய கூடு கல்லாகிவிடும். அதன்பின் மாமாவே ஏறி நிற்கலாம்.

இந்தப் பூட்டிக் கழற்றும் வசதிதான் குவிமாடத்தை 1950களில் உலகம் சுற்ற வைத்தது. வட துருவத்தை ஒட்டி அமெரிக்காவும் கனடாவும் அமைத்த ராடார் நிலையங்களின் மேல் கண்ணாடியிழைக் குவிமாடங்கள் வந்தன. ராடார் அலையை உலோகம் மறிக்கும், கண்ணாடியிழை மறிக்காது. காற்றும் பனியும் உருண்டையில் பிடிகிடைக்காமல் வழுக்கும். இன்றும் ராடார் கோபுரங்களின் தலையில் வெள்ளைப் பந்தாகத் தெரிவது இதன் வழிவந்ததே. 1956இல் காபூலில் நடந்த சர்வதேசக் கண்காட்சிக்கு 30 மீற்றர் அகலமான கூடாரக் குவிமாடம் ஒன்று ஒரே விமானத்தில் போய் இறங்கியது. துண்டுகளில் நிற அடையாளம் இருந்தது; முன்பின் பழக்கமில்லாத ஆப்கான் தொழிலாளர்கள் இரண்டு நாளில் எழுப்பிவிட்டார்கள். 1958இல் லூசியானாவின் பேட்டன் ரூஜ் நகரில் ரெயில் பெட்டி பழுதுபார்க்க 117 மீற்றர் அகலத்தில் ஒன்று எழுந்தது. இடையில் தூண் கிடையாது. தென் துருவத்தில் 1975 முதல் மூன்று தசாப்தத்துக்கும் மேலாக அமெரிக்க ஆய்வு நிலையத்தை மூடி நின்றது 50 மீற்றர் அகல அலுமினியக் குவிமாடம்.

எல்லாவற்றிலும் பேர்போனது 1967 மொன்றியல் உலகக் கண்காட்சியின் அமெரிக்க மண்டபம். 76 மீற்றர் விட்டம், 62 மீற்றர் உயரம், முக்கால் கோளம், அக்ரிலிக் தகடுகள் போர்த்தது. 1976 மே 20ஆம் திகதி திருத்த வேலையின்போது தீப்பற்றி, தகடுகள் முழுதும் அரை மணித்தியாலத்துக்குள் எரிந்து தீர்ந்தன. உருக்குக் கூடு அப்படியே நின்றது. இன்றும் நிற்கிறது, தோல் இல்லாமல். உள்ளே 1995 முதல் சுற்றாடல் அருங்காட்சியகம் தனிக் கட்டடங்களில் இயங்குகிறது. டியர்போர்னிலும் மொன்றியலிலும் எலும்பில் பிழை இல்லை. போர்த்திய பொருளும் அதைப் பழுதுபார்க்கப் போனதுமே வினையாக முடிந்தன.

1960களின் கடைசியில் அமெரிக்க இளைஞர்கள் நகரை விட்டு வெளியேறிக் குவிமாட வீடுகள் கட்டக் கிளம்பினார்கள். அவர்களுக்கு வழிகாட்டி நூல்கள் எழுதிய லொயிட் கான் என்பவரே சில வருடங்களில் அந்த நூல்களை மறுபதிப்பிடுவதை நிறுத்திக்கொண்டு, ஒழுகுகிறது, பொருள் வீணாகிறது, உள்ளே அறை பிரிக்க முடியவில்லை என்று வெளிப்படையாக எழுதினார். கட்டிக் குடியிருந்து பார்த்தவர் சொன்னது என்பதால் எனக்கு அது புல்லரின் எந்தப் பேச்சையும்விடப் பெறுமதியாகத் தெரிகிறது.

ஏன் ஒழுகுகிறது என்பதை நம்முடைய ஐந்து மீற்றர் குவிமாடத்திலேயே எண்ணிப் பார்க்கலாம். 65 கம்பிகளின் மொத்த நீளம் 95 மீற்றர். அடி வளையத்தின் பதினைந்தரை மீற்றரைக் கழித்தால் மிச்சம் கிட்டத்தட்ட 80 மீற்றர். தகடு வெட்டி மூடினால் அந்த 80 மீற்றரும் பொருத்து. தரைப்பரப்போ இருபது சதுர மீற்றருக்குச் சற்றுக் குறைவு. ஓட்டுக் கூரையில் மேல் ஓடு கீழ் ஓட்டின்மேல் படிந்து கிடக்கிறது. பசையும் வேண்டாம், பூச்சும் வேண்டாம், தண்ணீர் தானாகக் கீழிறங்கும். குவிமாடத்துப் பொருத்துகள் எல்லாத் திசையிலும் ஓடுகின்றன. உச்சிக்குப் பக்கத்தில் உள்ளவை ஏறக்குறையக் கிடையாகவே இருப்பதால் தண்ணீர் அங்கே நின்று யோசிக்கும். வெயிலில் உலோகம் விரியும், இரவில் சுருங்கும், பூசிய சிலிக்கன் கொஞ்சம் கொஞ்சமாகப் பிரியும். கச்சான் காற்று வீசும் மாதங்களில் காய்ந்து வெடிப்பது, வாடைக்காற்று மழையோடு வரும்போது தெரியவரும். ஒக்டோபர் தொடங்கி ஜனவரி வரைக்குள் வருட மழையின் பெரும்பகுதியும் கொட்டித் தீர்க்கிற மாவட்டங்கள் நம்முடையவை. போதாதற்குக் குவிமாடத்துக்குத் தாழ்வாரம் கிடையாது. மேலே விழுந்த அவ்வளவு தண்ணீரும் சுவரோடு வழிந்து அத்திவாரத்தின் காலடிக்கே வரும். விறாந்தையும் இறக்கிய கூரையும் இல்லாத வீட்டில் மார்கழி மழைக்கு யன்னலைத் திறந்து வைக்கவும் முடியாது.

தகட்டுக் கழிவையும் சொல்லவேண்டும். கடையில் கிடைப்பது எல்லாம் நீள்சதுரம், எட்டடிக்கு நாலடி. முக்கோணம் வெட்டினால் மூலைகள் குப்பைக்குப் போகும். உள்ளே அலுமாரி சுவரோடு சேராது. ஆறடி உயரமானவர் நிமிர்ந்து நிற்கக்கூடிய இடம், நேரே தரையில் குந்திய ஐந்து மீற்றர் குவிமாடத்தில் ஏறக்குறைய ஒன்பது சதுர மீற்றர்தான் வரும். மிச்சப் பாதி இருக்கவும் படுக்கவும்தான். ஒரு முழச் சுவர் எழுப்பி அதன்மேல் குவிமாடத்தை வைத்தால் இந்தக் குறை குறையும், செலவு கூடும்.

காற்றைப் பற்றி இங்கே யாருக்கும் பாடம் எடுக்கத் தேவையில்லை. 1978 நவம்பர் 23 இரவு அடித்த சூறாவளியில் மட்டக்களப்பில் தகரம் எங்கெல்லாம் பறந்து போனது, எந்தத் தென்னந்தோப்பு எப்படிப் படுத்துக் கிடந்தது என்று சொல்ல இன்னும் ஆட்கள் இருக்கிறார்கள். உருண்டை வடிவம் காற்றைத் தாங்கும் என்பது உண்மை. பக்கவாட்டுத் தள்ளு, நேர்ச்சுவர் வீட்டோடு ஒப்பிட்டால் நன்றாகக் குறைகிறது. விளம்பரங்கள் சொல்லாமல் விடுவது தூக்கு விசையை. வளைந்த முதுகின்மேல் ஓடும் காற்று வேகமெடுக்கும்போது அங்கே அழுத்தம் குறைந்து, குவிமாடம் மேல்நோக்கி உறிஞ்சப்படும். மணிக்கு 140 கிலோமீற்றர் காற்று சதுர மீற்றருக்கு ஏறக்குறைய 90 கிலோ அழுத்தம் தரும். அதில் பாதி மேலே இழுக்கிறது என்று வைத்தாலும் நம் சின்னக் குவிமாடத்தை 900 கிலோ விசை தூக்கும். ஒரு அங்குல ஜிஐ குழாயில் செய்த கூட்டின் பாரம் முந்நூறு கிலோவைத் தொடாது. கதவு பிய்ந்து உள்ளேயும் காற்றுப் புகுந்துவிட்டால் இன்னும் மோசம். எட்டரைத் தொன்னில் கூரை போட்ட பெருமை இங்கே எதிரியாக வந்து நிற்கிறது. நம் கடற்கரை மணலில் ஒரு முழக் குழி தோண்டிக் கம்பி நட்டால் போதாது. அடி வளையம் முழுவதும் கொங்கிரீட் பட்டியில் போல்ட்டால் பிணைபடவேண்டும். அந்தப் பட்டியின் பாரம் தூக்கு விசையைவிடத் தாராளமாகக் கூடியிருக்கவேண்டும்.

2004 டிசம்பர் 26 சுனாமிக்குப் பிறகு கல்முனை, காரைதீவு, திருக்கோவில், நாவலடி என்று கரை முழுக்கக் கூடாரங்களும் தற்காலிக வீடுகளும் நின்றன. அவற்றின் வெக்கையை அனுபவித்தவர்களுக்கு விரைவாக எழும் உறுதியான கூடு என்ற எண்ணம் கவர்ச்சியாக இருப்பது இயல்பே. களஞ்சியத்துக்கு, மருத்துவ முகாமுக்கு, பொதுச் சமையலுக்கு அது பொருந்தும். குடும்பம் குடியிருக்கப் பொருந்துமா என்பதில் எனக்குச் சந்தேகம் உண்டு. காரணம் ஒழுக்கு மட்டும் இல்லை. இந்தப் பக்கத்தில் வீடு என்பது வளரும் பொருள். பெண்பிள்ளைக்கு வீடு கொடுப்பது வழமை. தாயின் வளவிலேயே மகளுக்கு அறை, பிறகு பின்பக்கம் ஒரு பத்தி இறக்கி அடுப்படி, கையில் காசு வந்தபோது முன்பக்கம் ஒரு மண்டபம். நேர்ச்சுவரில் பத்தி இறக்கலாம். உருண்டையில் எதை ஒட்டினாலும் அந்த ஒட்டு இன்னொரு ஒழுக்கு.

அப்படியானால் எங்கே நல்லது? தோல் தேவைப்படாத இடத்தில், அல்லது தோல் ஒரு துணியாக இருக்கும் இடத்தில். சிறுவர் பூங்காக்களில் பிள்ளைகள் ஏறித் தொங்கும் கம்பிக் கூண்டு சரியான ஜியோடெசிக் குவிமாடம். களுதாவளைப் பக்கத்து மரக்கறித் தோட்டங்களில் நாற்று வளர்க்க நிழல்வலை போர்த்திய குவிமாடம் நன்றாகப் பொருந்தும்: மழை வலைக்குள் வடிந்து வரட்டும், அது நாற்றுக்குத்தானே; காற்றும் ஊடே போவதால் தூக்கு விசை குறையும்; இடையில் தூண் இல்லாததால் தள்ளுவண்டி திரும்பும். இங்கிலாந்தின் கோர்ன்வால் பகுதியில் 2001இல் திறந்த ஈடன் தோட்டத்தின் பெரிய குவிமாடங்களும் செடிகளுக்கானவையே. அங்கே கண்ணாடியை விட்டுவிட்டு, காற்றடைத்த மெல்லிய பிளாஸ்ரிக் மெத்தைகளைப் பெரிய அறுகோணங்களில் பொருத்தினார்கள். அறுகோணம் பெரிதானால் பொருத்து குறையும். ஒழுக்குப் பிரச்சினைக்கு நான் அறிந்தவற்றுள் புத்திசாலித்தனமான பதில் அது. விலை நம் கைக்கு எட்டாது.

அறுகம்பையில் கணக்கு வேறு விதமாகக் கூடி வருகிறது. அலைச்சறுக்குப் பருவம் சித்திரை வைகாசியில் தொடங்கிப் புரட்டாதி ஐப்பசியோடு முடிகிறது. அது நம் வறட்சிக் காலம். தைத்தெடுத்த ஒரே பொதியான பிவிசி துணியைப் போர்த்தினால் 80 மீற்றர் பொருத்தும் இல்லாமல் போகிறது. மழை இறங்குமுன் துணியைக் கழற்றிச் சுருட்டலாம், வேண்டுமென்றால் கூட்டையே பிரித்து அடுக்கலாம். 65 கம்பியும் ஒரு பெட்டி போல்ட்டும் ஒரு சின்ன லொறியில் போய்விடும். வெக்கைக்கு உச்சியில் ஒரு ஐங்கோணத்தைத் திறப்பாக விட்டு, அடியில் கடற்பக்கம் இரண்டு முக்கோணங்களை வலையாக்கினால் சூடான காற்று தானாக மேலேறிப் போகும். உப்புக் காற்றுக்குப் பூச்சு மட்டும் போதாது. குழாயை நசுக்கும் இடத்திலும் ஓட்டை போடும் இடத்திலும் நாகப்பூச்சு உரிந்து, துரு அங்கிருந்துதான் தொடங்கும். ஆகவே வெட்டி, நசுக்கி, ஓட்டை போட்டு முடித்த பிறகே கம்பிகளைச் சூட்டு நாகக் குளியலுக்கு அனுப்பவேண்டும். அலுமினியக் குழாய் வாங்கியவர்கள் இரும்பு போல்ட்டை நேரே போடாமல் துருப்பிடிக்காத உருக்குப் போல்ட்டும் நைலோன் வாஷரும் போடவேண்டும். கடலோரத்தில் இரண்டு உலோகம் தொட்டுக்கொண்டால் ஒன்று மற்றதைத் தின்னும், இரண்டாம் பருவத்துக்குக் கழற்றப் போகும்போது போல்ட் சுற்றாது.